கெம்பஸ் பிள்ளைகள் சார்பில் நன்றியுரை

முதல் நன்றி ஒலுவில் துறைமுகத்துக்கு. டென்மார்க்கிடம் கடன் வாங்கிக் கட்டி, 2013 செப்டம்பர் 1ஆம் திகதி ஜனாதிபதி மஹிந்த ராஜபக்ஷ திறந்துவைத்தார். கப்பல் வரவில்லை, மண்தான் வந்தது. வாய் அடைபட்டு மீன்பிடி வள்ளங்களுக்கே வழியில்லாமல் போனது. வடக்கே கடல் ஏறித் தென்னைகளைச் சரித்தது. அதனாலென்ன? அஸர் தொழுதுவிட்டு வந்து செல்பி எடுக்க இவ்வளவு விசாலமான, சனமில்லாத இடம் பக்கத்திலிருக்கும் தென்கிழக்குப் பல்கலைக்கழகத்துப் பிள்ளைகளுக்கு வேறு எங்கே கிடைக்கும்? நாடே கடன் கட்டுகிற பின்னணியில் நின்று சிரிக்கும் பாக்கியம் எல்லா மாணவருக்கும் வாய்க்காது.

அடுத்தது டேட்டா விற்கும் கம்பனிகள். பகல் டேட்டாவைக் கிள்ளித் தருகிறார்கள், நள்ளிரவுக்குப் பிறகு அள்ளித் தருகிறார்கள். லெக்சர், பிராக்டிகல், அசைன்மென்ட் எல்லாம் முடித்து, இஷா தொழுது, சோறு தின்று சரிகிற பிள்ளை ஒரு படம் பார்க்க ஆசைப்பட்டால் பன்னிரண்டு மணி ஆகும்வரை கண்ணைக் கசக்கிக்கொண்டு கிடக்க வேண்டும். ஹொஸ்டல் அறையில் ஒரு பவர்பேங்க், அதைச் சுற்றி நாலு போன், நாலு பேருக்கும் மணியில்தான் கண். பன்னிரண்டு ஆனதும் டவுன்லோட். அதை மறுநாள் பஸ்ஸில், ஒன்றரை மடங்கு வேகத்தில் பார்ப்பார்கள். கதாநாயகி அழுது முடிக்கவும் அவகாசம் இல்லை. காலை லெக்சரில் பிள்ளை தூங்கி விழுந்தால், 'போன் கெடுத்துவிட்டது' என்று மேடை போட்டு முழங்க ஆளிருக்கிறது. பிள்ளையின் ஓய்வுக்கு நேரம் குறித்துக் காசு பண்ணுகிறவனைக் கேட்கத்தான் ஆளில்லை.

அரசாங்கத்தை மறந்தால் நன்றி கெட்டவர்களாவோம். 2024 ஜனவரியிலிருந்து போனுக்கும் 18 வீத வற் வரி. டேட்டாவுக்குத் தொலைத்தொடர்பு வரி வேறு. வாப்பா வயல் சேற்றில் நின்று அனுப்பிய காசில் ரீலோட் போட்டு ஒரு பகிடி வீடியோ பார்த்தால், அந்தச் சிரிப்பிலும் திறைசேரிக்குப் பங்குண்டு.

வரி வாங்குகிறவர்களுக்கு அணைக்கவும் தெரியும். 2022 ஏப்ரல் 3ஆம் திகதி, கரண்டும் இல்லாமல் எரிபொருளும் இல்லாமல் சனம் கொதித்தபோது பேஸ்புக், வட்ஸ்அப், யூடியூப் எல்லாவற்றையும் முடக்கினார்கள். அமைச்சராக இருந்த நாமல் ராஜபக்ஷவே, தானும் விபிஎன் வழியாகத்தான் வந்திருப்பதாகவும் இப்படித் தடுப்பதில் பயனில்லை என்றும் ட்விட்டரில் போட்டார். அன்றைய நாளின் சிறந்த பகிடி அதுதான்.

2018இல் எங்களுக்குச் சிரிப்பு வரவில்லை. பெப்ரவரி 26ஆம் திகதி இரவு, அம்பாறை நகரில் ஒரு முஸ்லிம் சாப்பாட்டுக் கடையில் ஆளை மலடாக்கும் மாத்திரை கலந்த கறி என்று புரளி கிளப்பினார்கள். சிங்களம் சரியாகத் தெரியாத கடைக்கார மனுஷனைச் சூழ்ந்து நின்று 'ஆம்' சொல்ல வைத்து வீடியோ எடுத்தார்கள். பள்ளிவாசலையும் கடைகளையும் உடைத்தார்கள். பகிடி வீடியோ வருகிற அதே வழியில் அந்த வீடியோவும் எங்கள் போனுக்கு வந்தது. அப்படியொரு மாத்திரையே உலகத்தில் கிடையாது. அரச பகுப்பாய்வாளர் பரிசோதித்தபோது அது வெறும் மாவுக்கட்டி. பொய் ஓடிக்கொண்டிருந்தபோது யாரும் அணைக்கவில்லை. முஸ்லிம்களுக்கு எதிரான கலவரத்தில் கண்டி, திகன எரிந்த பிறகு, மார்ச் 7ஆம் திகதிதான் அரசாங்கத்துக்கு சுவிட்ச் எங்கே இருக்கிறதென்று தெரிந்தது. அணைந்தபோது எரித்தவனுக்கும் எங்களுக்கும் சேர்த்தே அணைந்தது.

2020 மே மாதம் பேஸ்புக் கம்பனி அந்தக் கலவரத்தில் தனக்கிருந்த பங்குக்கு மன்னிப்புக் கேட்டது. அதையும் ரீலோட் போட்டு, வரி கட்டித்தான் வாசித்தோம்.