மெனு புகாத் திரைமாற்றம்: ஒரு புறவழி ஆராய்ச்சி

பழைய கணினி விளையாட்டு ஒன்றின் திரையளவை மாற்ற இரண்டு வழி உண்டு. விளையாட்டைத் திறந்து, ஆப்ஷன்ஸ் என்ற வாசலில் நுழைந்து, வீடியோ என்ற அறைக்குப் போய், 800க்கு 600 என்றிருப்பதை 1024க்கு 768 ஆக்கிவிட்டுத் திரும்புவது அகவழி. அதற்கு இலக்கணம் வேண்டியதில்லை; எட்டு வயதுப் பிள்ளையே செய்யும். மெனுவைத் திறவாமல், சில வேளை விளையாட்டையே திறவாமல், வெளியில் நின்றபடி அதைச் செய்து முடிப்பது புறவழி. அகத்துக்கும் புறத்துக்கும் இத்தனை உரை கண்ட தமிழ் ஆய்வுலகம் இந்தப் புறத்தை மட்டும் இதுவரை சீந்தவில்லை. சீந்தச் சொல்லி யாரும் கேட்கவில்லை என்பதும் உண்மைதான். ஆயினும் முனைவர் பட்டங்கள் பலவும் யாரும் கேட்காதவற்றுக்கே வழங்கப்படுவதால், அதை ஒரு குறையாகக் கொள்ளாமல் மேலே செல்கிறேன்.

'மெனு என்று ஒன்று இருக்க, புறவழி எதற்கு?' எனின், கூறுதும்.

2005 வாக்கில் எங்கள் ஊர் பஸ் ஸ்டாண்டுக்கு எதிர் மாடியில் ஒரு பிரவுசிங் சென்டர் இருந்தது. மணிக்கு 20 ரூபாய். ஆறு கணினிகளில் ஐந்துக்கு முதுகு புடைத்த 15 அங்குல மானிட்டர். ஆறாவது, கடையை நடத்திய அண்ணனுடையது, 17 அங்குலம். அதில் யாரும் கை வைக்கக் கூடாது. ஒரு ஞாயிற்றுக்கிழமை குவேக் 3 அரீனாவில் நான் 1280க்கு 1024 வைத்தேன். மானிட்டருக்குள் எங்கோ 'டிக்' என்றது. பிறகு கறுப்பு. கறுப்பின் நடுவே ஒரு சின்னக் கட்டம், 'அவுட் ஆஃப் ரேஞ்ச்' என்று சொல்லிக்கொண்டு நின்றது. இசை மட்டும் ஒரு குறையும் இல்லாமல் ஓடிக்கொண்டிருந்தது.

"டேய், மானிட்டரை என்னடா பண்ணித் தொலைச்ச?"

"ஒண்ணும் பண்ணலண்ணே. கொஞ்சம் நல்லாத் தெரியட்டும்னு வெச்சேன்."

"இப்பத் தெரியுதா நல்லா?"

அண்ணன் கணினியை அணைத்துப் போட்டார். விளையாட்டைத் திறந்தார். மறுபடி 'டிக்', மறுபடி கறுப்பு. மெனு உள்ளே இருக்கிறது. திரையைச் சரிசெய்யும் இடமும் அதில்தான் இருக்கிறது. அதைப் பார்க்கத் திரை வேண்டும். சாவியைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டியாயிற்று.

இதன் காரணம் இயற்பியலின்பாற்படும். குழாய் மானிட்டர் படத்தைக் கோடு கோடாக வரைவது. 640க்கு 480 படத்தை விநாடிக்கு 60 முறை காட்ட, விநாடிக்கு ஏறத்தாழ 31,500 கோடு இழுக்க வேண்டும். 1024க்கு 768 என்றால் 48,000க்கு மேல். 1280க்கு 1024க்குக் கிட்டத்தட்ட 64,000. எங்கள் 15 அங்குலத்துக்கு அவ்வளவு மூச்சு கிடையாது. விண்டோஸில் திரையளவை மாற்றினால், 'சரிதானா?' என்று கேட்டு 15 விநாடி காத்திருக்கும். பதில் வராவிட்டால் பழையபடி திரும்பிவிடும். அந்தக் கருணை குவேக்குக்கு இல்லை. கேட்டதைச் செய்துவிட்டு, செய்ததை எழுதியும் வைத்துக்கொண்டது. கரன்டு போய் வந்த பிறகும் மறக்கவில்லையே, அதுதான் நமக்குப் பிடி. மறக்கவில்லை என்றால் எங்கோ எழுதியிருக்கிறது. எழுதிய இடம் தெரிந்தால் விளையாட்டின் தயவு தேவையில்லை.

அண்ணனுக்கு இடம் தெரிந்திருந்தது. விளையாட்டின் ஃபோல்டருக்குள் பேஸ்க்யூ3 என்ற உள்ஃபோல்டர், அதற்குள் க்யூ3கான்ஃபிக் என்ற கோப்பு. நோட்பேடில் திறந்தார், 'ஆர்-மோட்' என்ற வரியில் 8 இருந்த இடத்தில் 3 போட்டார், சேமித்தார். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. வெளியே போகும்போது எனக்கு அரை மணிக்கான காசு கூடுதலாக வாங்கினார். அதை நான் குருதட்சிணை என்றே கணக்கு வைத்திருக்கிறேன்.

இவ்விடத்து மாற்றுக் கட்சி ஒன்றைத் தள்ள வேண்டியிருக்கிறது. 'திரை கறுத்தாலும் மெனு உள்ளேதான் இருக்கிறது; கீழ் அம்பை இத்தனை தடவை, என்டரை இத்தனை தடவை என்று ஒலியை வைத்தே எண்ணிப் போய்விடலாம்' என்பார் உளர். இவர்களைச் செவிவழியார் எனலாம். ஓசை எண்ணி மெனுவுக்குள் நடப்பது மெனுவைத் திறந்ததே ஆகும். கண்ணை மூடிக்கொண்டு வீட்டுக்குள் போனவனும் வீட்டுக்குள் போனவனே. இன்னொரு சாரார், டில்டே பொத்தானை அழுத்தி, கண்ணுக்குத் தெரியாத கன்சோலில் 'ஆர்-மோட் 3' என்று தட்டி, அடுத்து 'விட்-ரீஸ்டார்ட்' என்று தட்டுவர். தட்டியதில் பிழையில்லை என்றால் திரை உயிர்பெற்றுவிடும். கன்சோல் மெனுவா, அன்றா? அது கூரையிலிருந்து இறங்கும் நாடா, வாசல் அன்று. ஆகவே புறவழியின் பாற்பட்டதே என்பது எம் துணிபு. இதை ஏற்காதவர்கள் தனிக் கட்டுரை எழுதிக்கொள்ளலாம்.

இனி சுவடியை ஆராய்வோம். க்யூ3கான்ஃபிக்கின் முதல் வரி ஓர் எச்சரிக்கை: இது குவேக் உண்டாக்கியது, திருத்தாதீர். கோப்பைத் திறந்த ஒவ்வொருவரும் இதைப் படித்துவிட்டுத்தான் திருத்தினார்கள். இதற்கு உரை கூறுமிடத்து, 'திருத்தாதீர்' என்பது விலக்கு அன்று, நிலையாமை உணர்த்தியது என்க. என்னை? விளையாட்டு தன் நினைவில் இருப்பதைத் தானே மறுபடி மறுபடி இக்கோப்பில் எழுதும். அது ஓடிக்கொண்டிருக்கும்போது நீங்கள் செய்த திருத்தம் ஆற்று மணலில் எழுதியதே. ஆகவே முதல் விதி, விளையாட்டு உறங்கும்போதே திருத்துக. இரண்டாவது, ஆட்டோஎக்ஸெக் என்ற பெயரில் தனிக் கோப்பு ஒன்றை உண்டாக்கி அதில் எழுதுக. குவேக் அதைப் படிக்கும், அதன்மேல் எழுதாது. படித்துவிட்டு மூலத்துக்கும் மேலாக மதிக்கும். இடைச்செருகலுக்கு இவ்வளவு மரியாதை வேறெந்த இலக்கியத்திலும் கிடைத்ததில்லை.

இங்கே நோட்பேடின் சதி ஒன்று உண்டு. ஆட்டோஎக்ஸெக்.சிஎஃப்ஜி என்று நீங்கள் பெயரிட்டுச் சேமித்தால், அது வால் ஒட்டி ஆட்டோஎக்ஸெக்.சிஎஃப்ஜி.டிஎக்ஸ்டி ஆக்கிவிடும். தெரிந்த கோப்பு வகைகளின் வாலை விண்டோஸ் மறைப்பதால், பார்வைக்குச் சரியாகவே இருக்கும். நான் இரண்டு மாலை நேரங்களை இந்தக் கண்ணுக்குத் தெரியாத வாலிடம் இழந்தேன்.

ஆர்-மோட் என்பதன் பொருளும் சொல்லத் தக்கது. அது 0 முதல் 11 வரை எண்ணிட்ட பன்னிரண்டு வீடுகள் கொண்ட ராசிக்கட்டம். 3இல் 640க்கு 480 உட்கார்ந்திருக்கிறது. 1987இல் ஐபிஎம் தன் பிஎஸ்/2 கணினிகளில் கொண்டுவந்த வி.ஜி.ஏ. முறையின் வழி வந்த பழங்குடி அது. 4இல் 800க்கு 600, 6இல் 1024க்கு 768. கடைசி வீடான 11இல் 856க்கு 480 என்று அகலத் திரை ஒன்று தனியே குந்தியிருக்கிறது. 1999இல் வந்த விளையாட்டில் அந்த வீட்டில் யார் குடியிருந்தார்களோ. பன்னிரண்டிலும் அடங்காதவர்களுக்கு -1. ஒன்றுமில்லாததற்கும் ஒன்று குறைவான இந்த எண்ணைக் கொடுத்தால், 'சரி, நீயே சொல்' என்று குவேக் ஒதுங்கிக்கொள்ளும். அகலமும் உயரமும் வேறு இரண்டு வரிகளில் நீங்களே எழுதலாம். 2005இல் ஐடி சாஃப்ட்வேர் இதன் மூலநிரலையே வெளியிட்டுவிட்டதால், இக்கட்டத்தில் ஐயமுள்ளவர் மூலத்தையே பார்த்துக்கொள்ளலாம்.

பாடபேதச் சிக்கல் 2007இல் விண்டோஸ் விஸ்டாவோடு வந்தது. அதுவரை விளையாட்டுகள் புரோகிராம் ஃபைல்ஸுக்குள் உரிமையோடு எழுதி வந்தன. விஸ்டா அதைத் தடுத்தது. தடுத்ததை விளையாட்டிடம் சொல்லவில்லை; சொன்னால் பழைய விளையாட்டு மனமுடைந்து நின்றுவிடும். எழுதியதையெல்லாம் வர்ச்சுவல்ஸ்டோர் என்ற மறைவிடத்தில் இன்னொரு படியாகச் சேர்த்துவைத்து, விளையாட்டு கேட்கும்போது அந்தப் படியை நீட்டியது. அட்மினிஸ்ட்ரேட்டர் அதிகாரத்தோடு நீங்கள் திறந்து திருத்துவது ஒரு படி. விளையாட்டு வாசிப்பது இன்னொரு படி. சுவடி தேடி ஊர் ஊராகப் போன உ.வே.சா.வுக்குக்கூட, வாசிக்கிறவரே தான் வாசிப்பது எந்தப் படி என்று அறியாத நிலை வாய்த்திருக்காது.

மற்றவற்றைச் சுருங்கச் சொல்லலாம். ஹாஃப்-லைஃபும் அதன் வயிற்றில் பிறந்த கவுன்டர்-ஸ்ட்ரைக்கும் மிக எளியவை. ஷார்ட்கட்டின் கடைசியில் ஒரு கோடு போட்டு டபிள்யூ, 640. இன்னொரு கோடு போட்டு ஹெச், 480. தீர்ந்தது. ரெட் அலர்ட் 2 தன் ஐ.என்.ஐ. கோப்பில் வீடியோ என்ற தலைப்பின்கீழ் அகலத்தையும் உயரத்தையும் ஒளிவுமறைவின்றி எழுதிவைக்கும் வெள்ளந்தி.

ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 அப்படி இல்லை. அது தன் நினைவை விண்டோஸின் ரெஜிஸ்ட்ரியில், மைக்ரோசாஃப்ட் கேம்ஸ் என்ற கிளைக்கு உள்ளே, ஸ்கிரீன் வித், ஸ்கிரீன் ஹைட் என்ற இரு பெயர்களில் வைத்திருக்கும். இந்த ஆட்டத்தில் திரையளவு என்பதே வேறு சரக்கு. குவேக்கில் அளவைக் கூட்டினால் அதே காட்சி கூர்மையாகும், அவ்வளவுதான். இதில் ஆளும் ஆடும் மரமும் இத்தனை புள்ளி என்று வரைந்து வைத்த படங்கள். அளவு கூடினால் அவை பெரிதாகா. நிலம்தான் கூடுதலாகத் தெரியும். 800க்கு 600 திரையில் 4,80,000 புள்ளி. 1280க்கு 1024 திரையில் 13,10,720. ஏறக்குறைய 2.7 மடங்கு. அதாவது நல்ல மானிட்டர் வைத்திருப்பவன் தன் ஊர் மையத்திலிருந்தே பக்கத்துக் காட்டில் வருகிற எதிரிக் குதிரையைப் பார்த்துவிடுவான். 15 அங்குலக்காரன் வந்து இடித்த பிறகு பார்ப்பான். லேன் ஆட்டத்தில் அண்ணன் ஏன் எப்போதும் ஜெயித்தார் என்பது எனக்கு வெகுகாலம் கழித்தே விளங்கியது. 17 அங்குலம்.

ரெஜிஸ்ட்ரியில் எண் திருத்தும் சிறு கட்டத்தில் ஹெக்ஸாடெசிமல், டெசிமல் என்று இரண்டு பொத்தான்கள் உள்ளன. முதலாவதே தேர்வாகி நிற்கும். அதைக் கவனியாமல் 1024 என்று தட்டினால், பதினாறின் அடுக்கில் படிக்கப்பட்டு 4132 ஆகும். 768 தட்டினால் 1896. இதுவரை சாதாரணப் பிழை. ஆனால் 800க்கு 600 என்று தட்டிப் பாருங்கள்: 2048க்கு 1536 வரும். அது உண்மையிலேயே உள்ள ஒரு திரையளவு! குவேக்கின் கட்டத்தில் 10ஆம் எண் வீடு. எட்டு 256களும் ஆறு 256களும் ஆகிவிடுவதால், நாலுக்கு மூன்று என்ற விகிதம் இம்மியும் பிசகாமல் நிற்கிறது. பிழையே இப்படி இலக்கணத்தோடு விளைவதை வேறெங்கும் கண்டதில்லை. இக்கட்டுரையின் முதன்மைக் கண்டுபிடிப்பாக இதையே முன்வைக்கிறேன்.

அகலத் திரைக்காரர்களுக்கு ஒரு சொல். நாலுக்கு மூன்று படத்தைப் பதினாறுக்கு ஒன்பதில் இழுத்துப் போட்டால், எல்லாரும் குறுக்கே மூன்றில் ஒரு பங்கு தடித்துவிடுவார்கள். அதைத் தாங்காதவர் மானிட்டரின் அமைப்பில் பக்கங்களில் கறுப்புப் பட்டை விட்டுக்கொள்ளலாம். நான் பட்டைக் கட்சி. 1366க்கு 768 மடிக்கணினி வைத்திருப்பவர்களுக்கு என் அனுதாபம். 8ஆல்கூட வகுபடாத அந்த 1366ஐ எந்தப் பழைய விளையாட்டும் எதிர்பார்த்துப் பிறக்கவில்லை.

போன மாதம் ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2இன் பழைய சிடியை அலமாரியிலிருந்து எடுத்துப் போட்டேன். இப்போது என்னிடம் அண்ணனுடையதைவிடப் பெரிய மானிட்டர் இருக்கிறது. புறவழியில் 1280க்கு 1024 வைத்து ஆட உட்கார்ந்தேன். நிலமெல்லாம் தெரிந்தது. ஆட்கள் எறும்பாகத் தெரிந்தார்கள். ஆடு என்று நினைத்துச் சொடுக்கியது பாறை. எனக்கு வெள்ளெழுத்து வந்து இரண்டு வருடம் ஆகிறது. சரி, 800க்கு 600க்கே போய்விடுவோம் என்று முடிவு செய்தேன். எஃப்10 அழுத்தினால் மெனு வரும். ஆனால் இவ்வளவு ஆராய்ச்சி செய்தவன் அப்படிப் போவது அழகல்ல. விளையாட்டை மூடினேன். ரெஜிஸ்ட்ரியைத் திறந்தேன். வித் என்ற இடத்தில் 800 தட்டி ஓகே கொடுத்தேன். ஹைட் என்ற இடத்தில் 600 தட்டி ஓகே கொடுத்தேன். நெற்றியில் ஏற்றி விட்டிருந்த கண்ணாடியைக் கீழே இறக்கிப் பார்த்தபோது, வித் வரியின் கடைசியில் அடைப்புக்குறிக்குள் 2048 என்று இருந்தது.