பலகையின் பெயர் என்ன?

டெஸ்க்டாப் மதர்போர்டின் மாடலைத் தேடுகிறவர் கண்ணில் முதலில் படுவது பெரும்பாலும் ‘94வி-0’. கண்டுபிடித்துவிட்ட குதூகலத்தில் அதற்கே சர்க்யூட் வரைபடம் தேடுவார். அதுவோ பலகை எளிதில் தீப்பற்றிப் பரவாது என்பதற்கான யூஎல் தரக்குறி.

விண்டோஸைக் கேட்டால், சில போர்டுகள் கூச்சமில்லாமல் ‘டு பி ஃபில்டு பை ஓ.இ.எம்.’ என்கின்றன. கம்பெனி நிரப்ப மறந்த படிவம்!

உண்மையான பெயர் பெரும்பாலும் பிசிஐ ஸ்லாட்டுகளுக்கு நடுவே, தூசுக்கடியில் இருக்கும். ஓரத்திலுள்ள பொடி எழுத்து ‘ரெவ்’ எண்ணையும் விடக்கூடாது. அது மாறினால் பயாஸே மாறலாம்.

அடுத்து வரைபடம். 1981இல் வந்த ஐபிஎம் பிசிக்கு முழுச் சர்க்யூட்டையும் பயாஸ் நிரலையும் கையேட்டில் அச்சிட்டே விற்றார்கள். இன்றைய கையேடு, பவர் பட்டன் ஒயரை எங்கே செருகுவது என்பதோடு நின்றுவிடுகிறது. ரிப்பேர்க்காரர்கள் கைமாற்றிக்கொள்ளும் சர்க்யூட் பிடிஎஃப்களிலோ, பல பக்கங்களில் ‘கான்ஃபிடென்ஷியல்’ முத்திரை.