நஷ்டத்துக்கு ஒரு சம்பளப் பட்டியல்

இந்தியக் கம்பெனிகள் சட்டம் இரக்கமுள்ளது. லாபமே காணாத பப்ளிக் கம்பெனியின் நிர்வாக இயக்குநருக்கும் ஐந்தாம் அட்டவணையில் சம்பளம் எழுதி வைத்திருக்கிறது. மூலதனம் பூஜ்யத்துக்குக் கீழே போனாலும் ஆண்டுக்கு 60 லட்சம். அது போதாது என்பவர்கள் முன்பு டெல்லிக்கு மனுப் போட வேண்டும். மாதச் சம்பளத்தில் காலம் தள்ளும் அதிகாரி ஒருவர், இந்த முதலாளி எத்தனை கோடி பெறுவார் என்று மதிப்புப் போடுவார்.

2018 செப்டம்பர் 12-ல் அந்த அதிகாரம் பறிபோனது. நிலுவையில் கிடந்த மனுக்கள் அனைத்தும் அன்றே காலாவதி. கோப்புகளை அரசு இத்தனை வேகமாக முடித்து நான் கேள்விப்பட்டதில்லை.

இப்போது பங்குதாரர்களின் சிறப்புத் தீர்மானம் போதும். முக்கால் பங்கு வாக்கு. பங்குச் சந்தையில் பட்டியலான கம்பெனியில் நிறுவனர் குடும்பம் வைத்துக்கொள்ளக்கூடிய உச்சவரம்பும் 75 சதவீதம்தான். தற்செயல், வேறென்ன!

வங்கிக் கடனில் தவணை தவறியவர்கள் மட்டும் முதலில் வங்கியின் அனுமதி வாங்க வேண்டும். "உங்கள் பாக்கி கிடக்கட்டும் சார், என் சம்பளத்தைக் கொஞ்சம் ஏற்றிக்கொள்ளட்டுமா?" அந்தச் சந்திப்புக்கு டிக்கெட் விற்றாலே பாதிக் கடன் அடையும்.