மிச்சம் பிடிக்கும் மிச்சிகன்காரர்

டெட்ராய்ட்டைச் சுற்றியுள்ள கார் கம்பெனிகளில் வேலை பார்க்கும் நம் தமிழர்களிடம் கேட்டுப் பாருங்கள், ஆளுக்கு ஒருவரைக் கைகாட்டுவார்கள். செப்டம்பர் கடைசி வாரத்தில் சட்டைக் கையை முழங்கைக்கு மேல் சுருட்டிவிட்டுக்கொண்டு காபி எடுக்க வருவார். வலக்கை நிறையப் பொன்னிற ரோமம். இடது முன்கை மட்டும் சிரைத்துவிட்டதுபோல் மழமழவென்றிருக்கும். கட்டைவிரலில் பிளாஸ்திரி வேறு. ஏதோ தோல் வியாதி என்று பயந்து தள்ளி உட்கார வேண்டாம். மிச்சிகன் மாநிலத்தில் அக்டோபர் 1ஆம் தேதி வில்வேட்டைப் பருவம் தொடங்குகிறது. மனிதர் போன வருஷத்துப் பிளேடுகளைத் தீட்டித் தீட்டி, கூர் வந்துவிட்டதா என்று சொந்தக் கைமுடியிலேயே சோதித்துக்கொண்டிருக்கிறார். புது பிளேடு வாங்கினால் இருபது டாலர் ஆகுமே!

கையில் காசில்லாதவர் என்று நினைத்துவிடாதீர்கள். வாசலில் நிற்கிற நாலு கதவு பிக்கப் டிரக் ஐம்பதாயிரம் டாலருக்குக் குறையாது. அதன் பின்பக்கத்தில் கிடக்கும் ஐஸ் பெட்டி மட்டும் முந்நூறு. வில் என்றால் மூங்கிலை வளைத்துக் கட்டியது அல்ல. மிசூரிக்காரர் ஹோலிஸ் ஆலன் 1969இல் காப்புரிமை வாங்கினாரே, அந்தக் கப்பி வைத்த வில்லின் இன்றைய பேரப்பிள்ளை. ஆயிரத்து இருநூறு டாலர். அதற்குக் குறிபார்க்கும் கருவி தனி, நாணைப் பிடித்து விடுகிற விசை தனி, தூரம் அளக்கும் லேசர் தனி. மரத்தில் ஏறி உட்கார அலுமினிய இருக்கை, தூங்கி விழாமலிருக்க இடுப்பு வார், இலையும் பட்டையும் அச்சடித்த உடுப்பு குளிருக்கு ஒன்று, மழைக்கு ஒன்று. மனித வாடை அடிக்காத சோப்பு. ஆண்மானை மயக்கி வரவழைக்கப் பெண்மானின் மூத்திரம், சின்னஞ்சிறு சீசாவில். அதையும் முகம் சுளிக்காமல், பேரம் பேசாமல் வாங்கிக்கொள்வார். ஆனை வாங்கின இந்த மகானுபாவர் அங்குசத்துக்குக் கணக்குப் பார்க்கத் தொடங்குவது அம்பின் நுனிக்கு வந்த பிறகுதான்.

அந்த நுனிக்கு பிராட்ஹெட் என்று பேர். பயிற்சிக்கு எய்யும்போது மொட்டையான ஊசிமுனை போதும். மானுக்குப் போகும் அம்பில் அதைக் கழற்றிவிட்டு பிராட்ஹெட்டைத் திருகிக்கொள்ள வேண்டும். பெரும்பாலும் 100 கிரெயின் எடை, அதாவது ஆறரை கிராம். ஒரு சவரன்கூடத் தேறாது. நடுவில் ஒரு சின்ன உலோகத் தண்டு, அதன் பள்ளங்களில் செருகிய மூன்று பிளேடுகள். மஸி, தண்டர்ஹெட் என்று எத்தனையோ பேர்களில் வருகிறது. தண்டு பல வருஷம் உழைக்கும். பிளேடு மழுங்கினால் கழற்றிப் போட்டுவிட்டுப் புதிதாகச் செருகிக்கொள்ளலாம். நல்ல ஏற்பாடுதானே? நம்மவருக்கு இது சதி. “ரேசர் கம்பெனிக்காரன் செய்கிற வேலை இது. பிடியைக் கொடுத்துவிட்டு பிளேடில் பிடுங்குவான்” என்பார். அவர் சொல்வதில் ஓரளவு நியாயம் உண்டு என்பதையும் சொல்லிவிடுகிறேன். பெருவிரல் நகத்தளவுத் தகடுகள் ஒன்பது, அல்லது பதினெட்டு, ஒரு பிளாஸ்டிக் அட்டையில் ஒட்டி, மேலே பாயும் மான் படம் போட்டு விற்கும்போது யாருக்கும் கொஞ்சம் வயிறு எரியத்தான் செய்யும். ஆனால் இவருக்கு எரிகிற எரிச்சலில் கராஜில் குளிர்காயலாம்.

அந்த கராஜுக்குள் ஒரு நடை போய் வருவது நல்லது. வேலை மேசைமேல் மாத்திரை டப்பா ஒன்று இருக்கும். ஞாயிறு முதல் சனி வரை ஏழு அறை வைத்து வயதானவர்கள் பயன்படுத்துவார்களே, அது. மாமியார் காலமான பிறகு இவர் சுவீகாரம் எடுத்துக்கொண்டது. ஞாயிறு அறையில் புத்தம்புது பிளேடு, மூன்றே மூன்று. யாரும் தொடக்கூடாது, அவர் உட்பட. திங்களில் ஒருமுறை எய்தவை. செவ்வாயில் மானைத் தாண்டி மண்ணில் குத்தியவை. புதனில் கல்லில் பட்டு நுனி உடைந்தவை, ஆனால் “பக்கவாட்டில் கூர் இருக்கிறது”. வியாழன், வெள்ளி பற்றி அவரே தெளிவாக எதுவும் சொல்வதில்லை. சனிக்கிழமை அறையில் துருப்பிடித்த தகடுகள் கிடக்கும். தூக்கிப் போட வேண்டியதுதானே என்று கேட்டால், “முயலுக்கு ஆகும்” என்பார். அவர் முயல் வேட்டைக்குப் போனதாக ஊரில் யாருக்கும் நினைவில்லை.

பிளேடு செருகுவதற்கென்று பாக்கெட்டோடு ஒரு பிளாஸ்டிக் திருகி வரும். அது முதல் வருஷமே தொலைந்துவிட்டது. தனியாக வாங்கினால் சில டாலர்தான். எனவே மூக்குக் குறடு. எனவே பிளாஸ்திரி.

வாரக் கடைசியில் மனைவியை ஏற்றிக்கொண்டு வடக்கே ஏரிப் பக்கம் போவார். இலையுதிர்கால வண்ணம் பார்க்கத்தான் கூட்டிப்போகிறார் என்று அந்த அம்மாள் முதல் சில வருஷம் நம்பினாள். வழியில் தென்படும் ஒவ்வொரு தூண்டில்புழுக் கடையிலும் வண்டி நிற்கும். பின் அலமாரியில், தூசி படிந்து, விலைச் சீட்டு மஞ்சளடித்துப்போன பழைய பாக்கெட் ஏதாவது தொங்குகிறதா என்று மோப்பம் பிடிப்பார். பத்து வருஷத்துக்கு முந்தைய விலையில் ஒன்று கிடைத்துவிட்டால் போதும், அன்றைக்கு மனைவிக்கு ஐஸ்கிரீம் உண்டு. வீட்டுக்கு வந்து பார்த்தால் அது 125 கிரெயின் மாடலுக்கு உரிய பிளேடாக இருக்கும். இவரிடமிருப்பது 100. பள்ளத்தில் உட்காராது. விட்டுவிடுவாரா? அரத்தை எடுத்துக்கொண்டு மூன்று நாள் மல்லுக்கட்டுவார்.

பிறகு சீனச் சரக்கு வந்தது. இணையக் கடையில் அசல் மூன்றின் விலைக்குள் ஒரு டஜன் முழு பிராட்ஹெட். பார்வைக்கு அச்சு அசல், சாயம் மட்டும் கொஞ்சம் கூடுதல் சிவப்பு. பொட்டலம் வந்த அன்று ஆபீசில் இனிப்பு கொடுக்காத குறை. தராசில் வைத்தால் ஒன்று 96, ஒன்று 103, ஒன்று 108. எல்லாம் 100 என்றுதான் அட்டை சொல்கிறது. பன்னிரண்டில் ஒன்று சரியாக 100 காட்டியபோது மனிதர் முகத்தில் வந்த பெருமிதம், பெண்ணுக்குக் கல்லூரியில் இடம் கிடைத்த அன்றுகூட வரவில்லை. பிளேடு தண்டில் லொடலொடவென்று ஆடும். எய்தால் அம்பு விசிலடித்துக்கொண்டு போகும். “மானுக்குப் பறவைச் சத்தம் என்று தோன்றும்” என்றார். நுரை இலக்கில் தைத்த அம்பை இழுத்தால் தண்டு மட்டும் வரும், பிளேடு உள்ளேயே குடியிருக்கும். அந்த நுரைக் கட்டையை இப்போது யாரும் கையால் தொடுவதில்லை.

விரிகிற பிராட்ஹெட் இன்னொரு வகை. பறக்கும்போது பிளேடு மடங்கி ஒடுங்கியிருக்கும், பட்டவுடன் விரியும். பிளேடு நடுவழியில் விரியாமல் பிடித்துவைக்கச் சிலவற்றில் ஒரு பிளாஸ்டிக் வளையம் உண்டு, எய்தால் உடைந்துபோகும், பாக்கெட்டாக வாங்கி மாற்ற வேண்டும். பழைய மாடல்களில் குட்டி ரப்பர் வளையம். பல்லுக்குக் கம்பி போடும் டாக்டர் கொடுக்கிற ரப்பர் வளையம் அதற்கு அளவெடுத்ததுபோல் பொருந்தும் என்பது இந்த வட்டாரத்தில் பரம்பரை ஞானம். மகளின் பல் கம்பிக்கு ஐயாயிரம் டாலர் கட்டிய தகப்பனார் அதிலிருந்து லாபம் பார்த்த ஒரே இடம் இதுதான். வருஷாவருஷம் செப்டம்பரில் தன் ரப்பர் எங்கே போகிறது என்று அந்தப் பெண்ணுக்கு வெகு நாள் புரியவில்லை.

யாராவது கிண்டல் செய்தால் பிரெட் பேரைச் சாட்சிக்கு அழைப்பார். பென்சில்வேனியாவில் 1902இல் பிறந்து, கார்த் தொழிலில் பிழைக்க டெட்ராய்ட்டுக்கு வந்து, 1933இல் சொந்தக் கம்பெனி தொடங்கி, பிறகு இதே மிச்சிகனின் கிரேலிங் ஊரில் வில் தொழிற்சாலை கட்டிய ஆள். அமெரிக்க வில்வேட்டைக்காரர்களுக்குக் குலதெய்வம் மாதிரி. “பிரெட் பேர் பாக்கெட் பிரித்தா மானடித்தார்? அரம் போட்டுத் தீட்டினார்” என்பார் நம்மவர். உண்மைதான். அந்தத் தலைமுறை தடித்த இரண்டு பக்க எஃகு முனையை அரத்தால் தீட்டித்தான் எய்தது. ஆனால் அவர் சொல்லாமல் விழுங்குகிற பாதி ஒன்று உண்டு. பிரெட் பேரின் புகழ்பெற்ற ரேசர்ஹெட் முனையிலேயே குறுக்காகச் செருகும் மெல்லிய பிளேடு ஒன்று இருந்தது. கழற்றி மாற்றத்தக்கது. குலதெய்வமே பிளேடு விற்றவர்தான்.

தீட்டுவதற்கென்றே செய்த ஒற்றை எஃகு பிராட்ஹெட் இன்றும் கிடைக்கிறது. கல்லில் வைத்து வருஷக்கணக்கில் தீட்டலாம். மெய்யாகவே சிக்கனம் வேண்டுமென்றால் அதை வாங்க வேண்டும். விலையைக் கேட்டதும் நம்மவர் நாற்காலி தேடுவார். மாற்று பிளேடு என்பது அரை மில்லிமீட்டருக்குச் சற்று மேல் கனமுள்ள தகடு. இரண்டு மூன்று முறை கல்லில் தேய்த்தால் கூரின் கோணமும் போகும், எடையும் போகும். மூன்று பிளேடும் மூன்று விதமாகத் தேய்ந்தால் அம்பு நேரே போகவும் யோசிக்கும்.

துப்பாக்கிக் குண்டு அதிர்ச்சியாலும் கொல்லும். அம்புக்கு அந்தச் சக்தி கிடையாது, அறுத்துத்தான் கொல்ல வேண்டும். நுரையீரலிலோ இதயத்திலோ கூரான பிளேடு பாய்ந்தால் ரத்தம் தடையில்லாமல் ஓடி, மான் பெரும்பாலும் சில விநாடிகளில் சாய்ந்துவிடும். மழுங்கினது ரத்தக்குழாயை ஒதுக்கித் தள்ளும், அல்லது பிய்க்கும். பிய்ந்த காயத்தில் ரத்தம் சீக்கிரம் உறையும். மான் ஓடிக்கொண்டே இருக்கும். இத்தனை ஆயிரம் டாலர் சாமான்களில் மானைத் தொடுகிற ஒரே பொருள் அந்த பிளேடுதான். டிரக் தொடாது, லேசர் தொடாது, மூத்திரச் சீசாவும் தொடாது. சிக்கனம் பிடிக்க இந்த மனிதருக்கு வேறு இடமே கிடைக்கவில்லை என்பதில்தான் எனக்குக் கோபம்.

போன நவம்பரில் புதன் அறை பிளேடு ஒரு மானைத் தைத்தது. அந்தி. அரை மணி காத்திருந்துவிட்டு டார்ச்சோடு இறங்கினார். ரத்தத்துளி கண்ட இடத்திலெல்லாம் கிளையில் டாய்லெட் பேப்பர்த் துண்டு கட்டிக்கொண்டே போக வேண்டும், அதுதான் வழக்கம். ஐந்தாவது துண்டோடு துளி நின்றுவிட்டது. மேப்பிள் இலைகளில் இயற்கையாகவே சிவப்புப் புள்ளி உண்டு. எது இலை, எது ரத்தம் என்று ஹைட்ரஜன் பெராக்சைடு தெளித்து, நுரைக்கிறதா என்று முழங்காலில் தவழ்ந்து பார்த்தார். பிறகு மோப்ப நாய்க்காரருக்குப் போன். மிச்சிகனில் கயிறு கட்டிய நாயோடு தேடச் சட்டம் இடம் கொடுக்கிறது. நள்ளிரவுக்கு மேல் நாய் கண்டுபிடித்தது. அதற்குள் கயோட்டிகள் பின்பக்கத்தைப் பந்தியில் முடித்திருந்தன. நாய்க்காரருக்குக் கொடுத்த பணத்தில் ஆறு பாக்கெட் பிளேடு வாங்கியிருக்கலாம். அதைச் சொன்னால் அவருக்குப் பிடிக்காது. “நாய் அருமையான நாய்” என்று பேச்சை மாற்றுவார்.

வரியைப் பற்றிப் பேசினால் மட்டும் நெஞ்சு நிமிரும். பிட்மன்-ராபர்ட்சன் சட்டம் 1937இல் வந்தது. வில்லுக்கும் பிராட்ஹெட்டுக்கும் தயாரிப்பாளரிடம் வசூலாகும் 11 சதவீத வரி பிற்பாடு அதில் சேர்ந்தது. பணம் காட்டுயிர்ப் பாதுகாப்புக்கு மாநிலங்களுக்குப் போகிறது. “இந்தக் காட்டு வான்கோழியெல்லாம் என் காசு” என்பார் சாலையோரம் காட்டி. கடல் தாண்டி நேரே தபாலில் வந்த சிவப்புச் சரக்குக்கு அந்த வரி யார் கட்டினார்கள் என்று ஒருநாள் கேட்டதற்கு, மழை வரும்போலிருக்கிறது என்றார்.

மான்கறி இலவசம் என்பது அவர் வீட்டில் நெடுநாள் கொள்கை. கடையில் மாட்டிறைச்சி விலை ஏறும்போதெல்லாம் குளிர்பெட்டியைத் திறந்து மனைவிக்குக் காட்டுவார். அந்த அம்மாள் ஒருநாள் மின்கட்டண உறையின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டாள். உரிமக் கட்டணம், வெட்டிப் பொட்டலம் கட்டுபவருக்கு நூற்றுச் சொச்சம் டாலர், பெட்ரோல், சோப்பு, சீசா, நாய். டிரக்கை இரக்கப்பட்டு விட்டுவிட்டாள். ஒரு மானில் தேறுவது இருபது கிலோ சொச்சம் கறி. வகுத்துப் பார்த்தால் பேசாமல் இறால் சாப்பிட்டிருக்கலாம். அவர் உறையை வாங்கி நிதானமாகப் படித்தார். “பார்த்தாயா, இதில் பிளேடுக்கு ஒரு பைசாகூட இல்லை” என்றார்.

நல்ல மனிதர்தான். பனி கொட்டினால் உங்கள் வாசலையும் சேர்த்துத் தள்ளிவிட்டுத்தான் போவார். மான்கறி சாசேஜ் கொண்டுவந்து எல்லா மேசைக்கும் கொடுப்பார், சைவக்காரர்களுக்கு மட்டும் மன்னிப்புக் கேட்டுவிட்டு ஊறுகாய் வாங்கிக்கொண்டு போவார். அதனால் கிறிஸ்துமஸுக்கு அவருக்கு என்ன வாங்குவது என்று குழம்ப வேண்டாம். இலை அச்சடித்த தொப்பி அவரிடம் நிறைய இருக்கிறது. அசல் பிளேடு பாக்கெட் ஒன்று வாங்குங்கள். மாடலும் கிரெயினும் பொருந்துகின்றனவா என்று பார்த்து வாங்குங்கள். ஒன்று மட்டும் மறக்காதீர்கள்: பாக்கெட்டைப் பிரித்துவிட்டுக் கொடுங்கள். பிரிக்காமல் கொடுத்தால் மறுநாளே கடையில் திருப்பிக் கொடுத்துக் காசாக்கிவிடுவார்.