விறகடுப்பு யாத்திரை

சிட்னி,
ஆடி மாதம், ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள சித்தப்பா அவர்களுக்கு, ஆரணியாற்றில் இவ்வருஷமாவது தண்ணீர் வந்ததா என்பதற்குப் பதில் எழுதக் கோருகிறேன்.

ஆடி ஞாயிற்றுக்கிழமைகளில் நம் பெரியபாளையம் பவானியம்மன் கோவிலுக்கு வரும் ஜனத்திரள் ஜனப்பன்சத்திரம் கூட்டுரோட்டிலிருந்தே வண்டிகளை நகரவிடுவதில்லை என்றும், ஆற்றங்கரை நெடுகிலும் மூன்று செங்கல்லைக் கூட்டிப் பொங்கல் வைப்பவர்களின் அடுப்புப் புகை நம் வீட்டுத் திண்ணை வரைக்கும் வந்து சித்தியின் கண்ணைக் கலக்குகிறது என்றும் தாங்கள் எழுதியிருந்தீர்கள். அதே ஆடி ஞாயிறொன்றில் நானும் இங்கே ஒரு மலைச்சரிவில், கம்பளிக் குல்லாயும் இரண்டு சட்டையும் அணிந்து, விறகுப் புகையில் கண்ணீர் வடித்தபடி உட்கார்ந்திருந்தேன் என்றால் தாங்கள் நம்பமாட்டீர்கள். அங்கே அந்தப் புகைக்கு நடுவில் அம்மன் எழுந்தருளியிருக்கிறாள்; இங்கே ரொட்டி எழுந்தருளியிருந்தது.

இந்த தேசத்தாரின் விசித்திரங்களில் தலையாயது இதுதான். வீட்டில் ஒரு பொத்தானைத் தொட்டால் சமையல் நடக்கிறது. பல வீடுகளில் தீச்சுடர் என்பதையே காண முடியாமல், கண்ணாடித் தகட்டின் அடியில் மின்சாரம் கண்மறைவாக வேலை செய்கிறது. இவ்வளவு சௌகரியங்களையும் சம்பாதித்து வைத்துக்கொண்டு, வெள்ளிக்கிழமை சாயங்காலம் வந்ததும் கூடாரம், மடக்கு நாற்காலி, ஐஸ்பெட்டி, குழந்தைகள், நாய் ஆகிய சமஸ்தத்தையும் காரில் ஏற்றி, நூறு கிலோமீட்டருக்கு அப்பால் போய், வெறுந்தரையில் குளிரில் நடுங்கிக்கொண்டு, நம் பாட்டி ஆயுள் முழுவதும் கொல்லைப்புறத்தில் ஊதுகுழலை வைத்துக்கொண்டு எந்தக் காரியத்தைச் செய்தாளோ அதையே செய்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை இரவு மிகுந்த மனநிறைவுடன் திரும்பி வருகிறார்கள். இதற்குக் கேம்பிங் என்று பெயர். கேஸ் சிலிண்டர் வீட்டுக்கு வந்த தினத்தில் விறகடுப்பைச் சித்தி எவ்வளவு சந்தோஷமாக இடித்துத் தள்ளினாள் என்பதை நான் இவர்களிடம் சொன்னபோது, ஏதோ புராதனக் கோவிலை இடித்த செய்தியைக் கேட்டவர்களைப்போல் முகம் வாடினார்கள்.

நாங்கள் போனது நீலமலைகளுக்கு அடுத்த மெகலாங் பள்ளத்தாக்கு. விறகு அங்கேயே பொறுக்கிக்கொள்ளலாம் என்றுதான் நம் ஊர்க்காரன் எவனும் நினைப்பான். ஆனால் இம்மாகாணத்துத் தேசியப் பூங்காக்களில் கீழே விழுந்து கிடக்கும் சுள்ளியைக்கூட எடுத்து எரிக்கக் கூடாது. அது பூச்சிகளுக்கும் பல்லிகளுக்கும் பாத்தியப்பட்ட வாசஸ்தலம் என்பது சட்டம். ஆகையால் யாத்திரை கிளம்பும்போதே, பெட்ரோல் பங்கில், கோணிப்பையில் கட்டி அடுக்கிவைத்திருக்கும் விறகைக் காசு கொடுத்து வாங்கி வருவது விவேகிகளின் வழக்கம். பெட்ரோல் விற்கும் இடத்தில் விறகும் விற்பதை நான் வாய் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த விறகும் வேறொன்றுமல்ல, நம் கும்மிடிப்பூண்டிச் சாலையோரத் தோப்புகளில் நிற்கிற தைலமரத்தின் சொந்தக்காரர்தான். 1843-ஆம் வருஷவாக்கில் நீலகிரிக்கு இந்த தேசத்திலிருந்து கொண்டுபோய் நடப்பட்டு, பிறகு தமிழ்நாடெங்கும் பரவி, நம் ஊர்க் கிணறுகளின் நீரைக் குடிப்பதாகத் தாங்கள் சாபமிடுகிறீர்களே, அதே மர வம்சம். எரியும்போது வருகிற வாசனையில் ஜலதோஷம் மாத்திரம் குணமாகிவிட்டதுபோல் தோன்றுகிறது.

நெருப்பு மூட்டுவதற்குக் காலமும் நேரமும் பார்க்கவேண்டும் என்பதில் இவர்கள் நம் பஞ்சாங்கக்காரர்களை மிஞ்சியவர்கள். அக்டோபர் 1 முதல் மார்ச் 31 வரை காட்டுத்தீ அபாய காலம். அக்காலத்தில் திறந்தவெளி நெருப்புக்கு ஆயிரம் கட்டுப்பாடுகள். அதிலும் சில தினங்களைப் பூரண நெருப்புத் தடை தினங்கள் என்று அரசாங்கத்தார் அறிவித்துவிட்டால், வெட்டவெளியில் ஒரு சுள்ளியைக்கூடப் பற்றவைக்கக் கூடாது. மீறினால் அபராதம், சிறை எல்லாம் உண்டு. இதில் பரிகாசம் செய்ய எனக்கு மனம் வரவில்லை. 2019-ஆம் வருஷக் கடைசியிலிருந்து 2020-ஆம் வருஷ ஆரம்பம் வரைக்கும் இந்த மலைகளெல்லாம் எரிந்தபோது, சிட்னி நகரத்தின் வானம் பட்டப்பகலில் செம்மண் நிறமாக இருந்ததை இங்குள்ளவர்கள் இன்னமும் தாழ்ந்த குரலில்தான் பேசுகிறார்கள். ஆகவே நெருப்போடு உல்லாசமாக உறவாட இவர்களுக்கு வாய்த்தது குளிர் நிறைந்த ஜூன், ஜூலை, ஆகஸ்ட் மாதங்கள். அங்கே தங்களுக்கு ஆடி மாதம். இங்கே அதுவே கடுங்குளிர் காலம். பூமத்திய ரேகைக்கு இருபுறத்திலும் ஒரே மாதத்தில் ஜனங்கள் வெளியில் வந்து அடுப்பு மூட்டுகிறார்கள் என்பதைத் தாங்கள் தங்கள் மாஜி மாணாக்கர்களுக்குப் பூகோளப் பாடமாகவே சொல்லலாம்.

இனி மூலஸ்தானத்துக்கு வருகிறேன். இந்த வைபவத்துக்குரிய உபகரணத்துக்கு ஜாஃபிள் அயர்ன் என்று பெயர். உள்ளங்கையளவு குழிந்த இரண்டு வட்டத் தட்டுகள், ஓரத்தில் ஒரு கீல், பின்னால் முழங்கைக்கு மேல் நீளமுள்ள இரண்டு கம்பிகள், அவ்வளவுதான். சிட்னியின் கடற்கரைப் பேட்டையாகிய பாண்டையைச் சேர்ந்த டாக்டர் எர்னஸ்ட் ஸ்மிதர்ஸ் என்பவர் 1949-இல் இதற்குக் காப்புரிமை பெற்றார் என்பது இங்கே பள்ளிக்கூடப் பிள்ளைகளும் பெருமையோடு சொல்லும் சரித்திரம். பிற்பாடு, 1974-இல், பிரெவில் என்ற கம்பெனியார் இதையே மின்சாரத்தில் இயங்கும்படி செய்து வீட்டுக்கு வீடு விற்றார்கள். ஆனால் சாஸ்திரோக்தமாக வாழ விரும்புகிறவர்கள் மின்சார ஜாஃபிளை ஜாஃபிள் என்றே ஒப்புக்கொள்வதில்லை. கனலும் சாம்பலும் புகையும் சம்பந்தப்படாத பண்டம் அவர்களுக்கு அசுத்தம்.

உலோக விஷயத்தில் மாத்திரம் அடியேன் இவர்களுக்கு உபதேசம் செய்யும் யோக்கியதை பெற்றவன். கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ரோலிங் மில்லின் உலையருகே நின்று, 1,200 டிகிரியில் வெந்து சிவந்து வரும் இரும்புக் கட்டைகளைப் பார்த்துப் பார்த்து மயிர் பொசுங்கினவனல்லவா? கடையில் இலேசாக இருக்கிறது என்று அலுமினியத்தில் வார்த்ததை வாங்குகிறார்கள். அலுமினியம் 660 டிகிரியில் உருகும். காற்று வீசும்போது கட்டைக் கனல் அந்த எல்லையைத் தாராளமாகத் தாண்டும். பேச்சு சுவாரஸ்யத்தில் அதைக் கனலுக்குள் மறந்துவிட்டவர்கள், காலையில் சாம்பலைக் கிளறி ஒரு வெள்ளிக்கட்டியையும் இரண்டு கம்பிகளையும் எடுத்ததுண்டு. வார்ப்பிரும்போ 1,150 டிகிரி வரைக்கும் அசைந்து கொடுக்காது; கனமாக இருக்கும், துருப்பிடிக்கும், எண்ணெய் தடவிப் பழக்கவேண்டும், ஆனால் சொன்னபடி கேட்கும். சித்தியின் தோசைக்கல்லைப் பற்றித் தாங்கள் அடிக்கடி சொல்லும் இவ்வாக்கியத்தை இங்கே சொல்லித்தான் நல்ல பெயர் வாங்கினேன்.

செய்முறை எளியது. இரண்டு ரொட்டித் துண்டுகளின் வெளிப்பக்கத்தில் வெண்ணெய் பூசவேண்டும். உள்பக்கத்தில் பூசுகிறவன் அஞ்ஞானி. பூரணத்தை நடுவில் வைத்து, தட்டுகளை அழுத்தி மூடினால், வெளியில் நீட்டிக்கொண்டிருக்கும் ரொட்டியோரம் வெட்டுண்டு விழும், விழுவது நாய்க்கு. சுவாலைக்குள் நீட்டாமல், அடங்கிய கனலின் மேல் ஒருபுறம் இரண்டு மூன்று நிமிஷம், திருப்பி மறுபுறம் அவ்வளவே நேரம். திறந்தால் விளிம்பு முழுவதும் ஒட்டி மூடி, பொன்னிறமாக ஒரு வட்டத் தலையணை.

அந்த விளிம்பு ஒட்டிக்கொள்வதில்தான் இதன் சிறப்பும் இதன் துரோகமும் அடங்கியிருக்கின்றன. உள்ளே வைத்த தக்காளியின் நீரெல்லாம், ஆவி வெளியேற வழியில்லாமல், உள்ளேயே கொதித்துக்கொண்டிருக்கும். உருகிய பாலாடைக்கட்டியோ வாங்கிய சூட்டை இலேசில் விடாது. மேல் ரொட்டி மாத்திரம் சீக்கிரம் ஆறி, தொடுகிறவன் விரலுக்கு மிகவும் சாதுவாகத் தோன்றும். சென்னையிலிருந்து வந்திருந்த என் மைத்துனர், சைதாப்பேட்டையில் சூடான மெதுவடையை ஒரே கடியில் தீர்த்த பரம்பரையில் வந்தவராதலால், எல்லோரும் எச்சரித்தும் கேளாமல் முதற்கடியைப் பெரிதாகக் கடித்துவிட்டார். பிறகு சிறிது நேரம் அவர் வானத்தை நோக்கி வாயைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றதைத் தென்துருவ நக்ஷத்திரங்களை ரசிப்பதாக எண்ணி, பக்கத்துக் கூடாரத்து வெள்ளைக்காரப் பாட்டி ஒருத்தி அவற்றின் பெயர்களை அவருக்கு விளக்க ஆரம்பித்தாள்.

உள்ளே எதை வைப்பது என்பதில் இத்தேசத்தாருடைய கற்பனை எனக்கு மிகுந்த ஏமாற்றத்தைத் தந்தது. இனிப்பான தக்காளிச் சாற்றில் ஊறின பீன்ஸை டப்பாவோடு கொண்டுவருகிறார்கள். அதைவிடப் பரிதாபமாக, டப்பாவில் அடைத்த ஸ்பகெட்டியை, அதாவது ரொட்டிக்கு உள்ளே மாவுப் பண்டத்தையே, வைத்து, சின்ன வயதிலிருந்து இதுதான் பரமானந்தம் என்கிறார்கள். தங்கள் மருமகள் கொண்டுவந்த உருளைக்கிழங்கு மசாலாவுக்கு நல்ல மரியாதை கிடைத்தது. பம்பாய்த் தெருக்களில் இதே மாதிரி கீல் வைத்த கைக் கருவியில், கரியடுப்பின் மேல், உருளைக்கிழங்கும் பச்சைச் சட்னியும் வைத்துச் சுட்டுத்தரும் சாண்ட்விச்காரர்களைப் பார்த்த கண்ணுக்கு இதில் ஆச்சரியமொன்றுமில்லை.

ஆச்சரியம் வேறிடத்திலிருந்து வந்தது. எங்கள் குழுவில் டர்பன் நகரத்தில் பிறந்து இங்கே குடியேறிய நண்பர் ஒருவர் இருக்கிறார். முகத்தைப் பார்த்தால் ஊத்துக்கோட்டை பஸ்ஸில் நம் பக்கத்தில் உட்கார்ந்து வந்தவர் என்று தோன்றும், வாயைத் திறந்தால் தமிழில் ஒரு வார்த்தை வராது. 1860-ஆம் வருஷம் நவம்பர் 16-ஆம் தேதி, ட்ரூரோ என்ற கப்பல் சென்னையிலிருந்து 342 பேரைக் கொண்டுபோய் டர்பனில் இறக்கிற்றே, அதன்பின் 1911 வரைக்கும் பெரும்பாலும் கரும்புத் தோட்டக் கூலிகளாக ஒன்றரை லக்ஷம் பேருக்கு மேல் போனார்களே, அவர்களில் எத்தனையோ பேர் நம் செங்கல்பட்டு, வட ஆற்காடு ஜில்லாக்காரர்கள். அந்த வம்சத்து மனிதர் தம் பையிலிருந்து ஒரு வார்ப்பிரும்பு ஜாஃபிளையும், கொத்துக்கறிக் குழம்பு நிறைந்த ஒரு டப்பாவையும் எடுத்தார். டர்பனில் நம்மவர் வீடுகளில் ஜாஃபிளுக்குள் வைப்பது கொத்துக்கறிதானாம். சைவமானால் பீன்ஸ் குழம்பாம், அதுவும் காரமாக. கறிவேப்பிலை, பட்டை, சோம்பு எல்லாம் தாளித்து, சாறு ஒழுகாதபடி சுண்டக் காய்ச்சியிருந்த அக்குழம்பின் வாசனை எழுந்ததும், டப்பா ஸ்பகெட்டிக்காரர்கள் ஒவ்வொருவராக நாற்காலியை நகர்த்திக்கொண்டு எங்கள் அடுப்பருகே வந்து சேர்ந்தார்கள். டர்பனிலும் ஆடி மாதத்தில் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றுகிறார்கள் என்று அவர் சொன்னபோது, நம் ஊர்க் கோவிலைப் பற்றி நான் ஆரம்பித்து, வேப்பஞ்சேலைப் பிரார்த்தனை வரைக்கும் சொல்லி முடிப்பதற்குள் கனலில் இரண்டு ஜாஃபிள் கரிந்துபோயின. அவற்றையும் யாரோ தின்றுவிட்டார்கள்.

தை மாதத்தில் ஊருக்கு வரும் சிநேகிதர் மூலமாகச் சித்திக்கு ஒரு ஜாஃபிள், வார்ப்பிரும்பில்தான், கொடுத்தனுப்புகிறேன். விமானத்தில் எடை அதிகமென்று அவர் முணுமுணுத்தால் தாங்கள் காபி கொடுத்துச் சமாதானப்படுத்தவும். பழவேற்காட்டு இறால் தொக்கை நீர் வற்ற வதக்கி உள்ளே வைத்துப் பார்க்கும்படி சித்தியிடம் சொல்லவும். வாழைப்பழமும் வெல்லமும் வைத்தாலும் நன்றாயிருக்கும். விறகடுப்பை இடித்துவிட்டபடியால், கேஸ் அடுப்பில் தீயைக் குறைத்து வைத்தே செய்யலாம். சாஸ்திரிகள் யாரும் பெரியபாளையம் வரைக்கும் வந்து பார்க்கப்போவதில்லை. டப்பா பீன்ஸ் மாத்திரம் அனுப்பவில்லை. தங்களுக்கு ஏற்கெனவே இரத்த அழுத்தம் இருக்கிறது.

மைத்துனருக்கு இப்போது வாய் சௌக்கியம். ரசம் சாப்பிடுகிறார்.

இப்படிக்கு,
தங்கள் அன்பு மகன்.