வயிற்றிலடித்தாலும் மரியாதையாக

கொங்குநாட்டில் வயிற்றில் அடிப்பதென்றாலும் 'ங்க' போட்டுத்தான் அடிப்பார்கள். "கூலிதானுங்க, பார்த்துப் போட்டுத் தர்றோமுங்க" என்று சொல்லியே ஒரு தலைமுறையை ஓட்டிவிடலாம்.

2021 நவம்பரில், கூலிக்கு நெய்து தரும் விசைத்தறிக்காரர்களுக்கு, சோமனூர் ரகத் துணிக்கு 23 சதவீதம், மற்ற ரகங்களுக்கு 20 சதவீதம் கூலி உயர்வு என்று அரசு முன்னிலையில் பேசி முடித்தார்கள். பேச்சு முடிந்தது, பணம் மட்டும் வரவில்லை. 2022 ஜனவரியில் தறிகள் நின்றன. மூன்றே வருஷத்தில் அடுத்த படலம்: 2025 மார்ச் 19 முதல் கோவை, திருப்பூர் மாவட்டங்களில் லட்சத்துக்கும் மேற்பட்ட விசைத்தறிகள் ஓடவில்லை. ஏப்ரல் 11 அன்று கருமத்தம்பட்டியில் உண்ணாவிரதப் பந்தல்.

எனக்கு அந்தப் பந்தல்காரர்கள்மேல்தான் கோபம். முதலாளிகள் இப்படித் தெருவில் உட்காரலாமா? எட்டுத் தறி சொந்தமாக வைத்திருப்பவர் முதலாளி ஆயிற்றே! பாவும் நூலும் ஜவுளி உற்பத்தியாளருடையது. நெய்த துணியும் அவருடையதே. தறி வாங்கிய கடன், கரண்ட் பில், ஷெட் வாடகை, தறி ஓட்டுகிறவரின் சம்பளம், இவை மட்டும் நம் முதலாளியுடையவை. இத்தனை சொத்தையும் வைத்துக்கொண்டு, மீட்டருக்கு நாலு காசு கூட்டிக் கொடு என்று பட்டினி கிடக்கிறார். பேராசை! தொழிலாளிக்குரிய சட்டம் எதுவும் அவரை அண்டாது. தறியைப் பழைய இரும்புக்கு எடை போடும் அன்றைக்குத்தான் அந்த முதலாளிப் பட்டம் இறங்கும்.

2011-ல் நியூயார்க்கின் வால் ஸ்ட்ரீட் பக்கம் கூடாரம் போட்டவர்களை உலகமே திரும்பிப் பார்த்தது. அவர்கள் ஒரு சதவீதத்துக்கு எதிராக உட்கார்ந்தார்கள். நம்மவர்கள் பதினைந்து சதவீதத்துக்காக உட்கார வேண்டியிருந்தது. அவிநாசி சாலையில் போன கார்கள் ஹாரன் அடித்துவிட்டுப் போயிருக்கும்.

ஒரு மாதத்துக்கு மேல் வருமானத்தை இழந்த பிறகு சோமனூர் ரகத்துக்கு 15, மற்றவற்றுக்கு 10 சதவீதம் என்று முடிவானது. அவர்கள் கேட்டது உயர்வு மட்டுமல்ல. ஒப்பந்தத்தை எவரும் மீற முடியாதபடி சட்டப் பாதுகாப்பும் கேட்டார்கள். கைக்கு வந்தது இன்னொரு ஒப்பந்தம். ஏற்கெனவே இருக்கிற காகிதங்களோடு அதையும் அடுக்கி வைக்கலாம்.

தறிக்காரர் கரண்ட் பில் கட்டாவிட்டால் ஃபியூஸ் கட்டையைப் பிடுங்கிவிடுகிறார்கள். அதற்கு முத்தரப்புப் பேச்சு கிடையாது, அமைச்சர் முன்னிலை கிடையாது. ஒப்புக்கொண்ட கூலியைத் தராத பெரிய மனிதரிடம் பிடுங்க ஒரு கட்டைகூடவா இல்லை, ஏனுங்க?