வாய்தாவும் நைட் ஷிப்டும்

கேள்வி: நைட் ஷிப்ட் முடிந்து அசந்து தூங்கிவிட்டேன். அன்றைக்கென்று வாய்தா. நான் வரவில்லை என்று வழக்கையே தள்ளிவிட்டார்கள். கோர்ட்டுக்கு இரக்கமே கிடையாதா? - ஒரகடம் வாசகர்

கம்பெனி பஸ்ஸை விட்டால் ஒரு நாள் சம்பளம்தான் போகும். டவாலி மூன்று முறை கூவியும் ஆளில்லை என்றால் வழக்கே போகும்! எதிராளி வந்தாரா, முதலில் அதைச் சொல்லுங்கள். அவரும் ஸ்ரீபெரும்புதூர் டிராபிக்கில் மாட்டியிருந்தால் உங்களுக்கு யோகம்: காலக்கெடு தாண்டாதவரை அதே விஷயத்துக்குப் புது வழக்கே போடலாம். அவர் மட்டும் டாணென்று வந்து நின்றிருந்தால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 9-வது கட்டளைப்படி அந்தக் கதவு சாத்தியாச்சு. தள்ளிய வழக்கைத் திரும்ப எடுக்கச் சொல்லி 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும், வராததற்குத் தக்க காரணத்தோடு. ஷிப்ட் ரோஸ்டரை இணையுங்கள். குறட்டையை இணைக்க வேண்டாம்.

கேள்வி: நான் போகாதது சரி, என் வக்கீலும் போகவில்லையே?

அவருக்கும் நைட் ஷிப்டா? வக்கீல் வராத குற்றத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-லேயே ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதை நீதிபதிக்கு எடுத்துச் சொல்லவும் ஒரு வக்கீல் வர வேண்டுமே!